மறுக்கக் கற்ற எந்திரம்

1966இல் அமெரிக்காவின் எம்.ஐ.டி.யில் ஜோசப் வைசன்பாம் வெளியிட்ட எலைசா என்னும் உரையாடல் நிரலுக்கு மறுக்கத் தெரியாது. நாம் சொன்னதையே வினாவாக்கித் திருப்பித் தரும். ஐம்பது ஆண்டுகள் கழித்து, 2016 மார்ச்சில் மைக்ரோசாஃப்ட் ட்விட்டரில் உலவவிட்ட டே, பயனர்கள் ஊட்டிய வசைகளை அப்படியே ஒப்பித்தது. ஒரு நாளுக்குள் அதை நிறுத்திவிட்டனர். பேசக் கற்பித்தவர்கள் வாய் காக்கக் கற்பிக்கவில்லை.

2022இல் அதற்கொரு வழி நிலைபெற்றது. ஒரே வினாவுக்கான பல விடைகளை மனிதர்கள் தரம் பிரிக்க, அத்தரத்தைக் கொண்டு எந்திரம் பழக்கப்பட்டது. அவ்வாண்டு நவம்பரில் வந்த சாட்ஜிபிடி இவ்வழியில் உருவானதே. குழந்தைகளைப் பாலியல் பொருளாக்கும் எதையும், கதை என்னும் போர்வையில் கேட்டாலும், மறுக்கும்படி இன்று இத்தகைய உதவியாளர்கள் பயிற்றப்படுகின்றன.

ஆயின், வாயிற்காவல் மட்டும் போதுமா? சொந்தக் கணினியில் இறக்கி இயக்கும் நிரல்களில் அம்மறுப்பை அழித்துவிட முடியும். எனவே, எந்திரம் எதைக் கற்றது என்பதே அடிப்படை வினாவாகிறது. 2023 டிசம்பரில் ஸ்டான்ஃபோர்டு ஆய்வாளர்கள், படம் ஆக்கும் நிரல்கள் பயின்ற லையான்-5பி தரவுத் தொகுப்பில், குழந்தைகள் மீதான பாலியல் வன்கொடுமைப் படங்களுக்கான 1,000க்கு மேற்பட்ட இணைப்புகளைக் கண்டறிந்தனர். தொகுப்பு விலக்கப்பட்டு, 2024 ஆகஸ்டில் களையெடுக்கப்பட்டு வெளிவந்தது. அவ்வாண்டு ஏப்ரலிலேயே ஓப்பன்ஏஐ, கூகுள், ஆந்த்ரோபிக் முதலிய நிறுவனங்கள் பயிற்சித் தரவிலிருந்தே இவற்றை நீக்க உறுதியளித்திருந்தன.

அத்தகைய படம் ஒவ்வொன்றின் பின்னும் ஓர் உண்மைக் குழந்தை உண்டு. எந்திரம் சொல்லும் 'மாட்டேன்' அதன் மனச்சான்றன்று. மனிதர் எழுதிவைத்த சொல். அதைக் காக்கும் கடன் நம்முடையதே.