பயனிழந்த வழக்கு

தீர்ப்பு வந்தாலும் கேட்ட பரிகாரத்தைக் கொடுக்க வழியில்லாமல் போன வழக்கு. வக்கீல்கள் 'இன்ஃப்ரக்சுவஸ்' என்பார்கள். மதில் எழுப்பத் தடை கேட்ட மனு, மதில் எழும்பி வண்ணமும் பூசிய பிறகு விசாரணைக்கு வந்தால் அதன் கதி இதுதான். மனுதாரரின் வக்கீல் கேஸ் கட்டில் ஒரு வரி எழுதிக் கையெழுத்திட, வழக்கு நிமிடத்தில் முடிந்துவிடும்.

இப்படி முடித்துவைக்க உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 151ஆம் பிரிவு தரும் உள்ளார்ந்த அதிகாரமே கைகொடுக்கிறது. சென்னையிலிருந்து உச்ச நீதிமன்றம் சென்ற ஷிப்பிங் கார்ப்பரேஷன் – மச்சாடோ பிரதர்ஸ் வழக்கு (2004) இதில் முன்னோடி. முகவர் ஒப்பந்தத்தை முறித்த நோட்டீஸை எதிர்த்து முகவரான மச்சாடோ பிரதர்ஸ் தடை வாங்கியிருந்தது. வழக்கு நிலுவையிலிருக்கும்போதே நிறுவனம் புதிய நோட்டீஸ் கொடுத்து ஒப்பந்தத்தை மறுபடியும் முறித்தது. பழைய நோட்டீஸ் மீதான வழக்கில் இனித் தீர்க்க ஒன்றுமில்லை. இடைக்காலத் தடைக்கு உயிர் கொடுப்பதற்காக வழக்கை நீட்டிக்கக் கூடாது என்றது நீதிமன்றம்.

பாபர் மசூதி இடிப்பு தொடர்பான அவமதிப்பு வழக்கையும் உச்ச நீதிமன்றம் 2022 ஆகஸ்ட் 30 அன்று இப்படித்தான் முடித்துவைத்தது. மனுதாரர் 2010இலேயே இறந்துவிட்டார். தாமதம் யாரால் வந்ததோ, அவர்களுக்கே அது ஆதாயமாகிவிடும் ஆபத்து இங்கே உண்டு.

வாலாஜாபாத், ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் போன்ற தொழிற்பேட்டை வட்டாரங்களில் வழக்கு பயனிழந்ததா என்ற கேள்வி நிலத்திலும் வேலையிலும் எழும். எடுத்த நிலத்தில் ஆலை ஓடத் தொடங்கிய பின் அதைத் திரும்பக் கேட்பது பெரும்பாலும் எடுபடாது. இழப்பீட்டு வழக்கு அப்படியல்ல. 2013 வரை அமலில் இருந்த 1894ஆம் ஆண்டின் நிலம் கையகப்படுத்தும் சட்டப்படி, நீதிமன்றம் உயர்த்திய தொகைக்கு நிலம் கைமாறிய முதல் ஆண்டுக்கு 9 சதவீதமும் அதன் பிறகு 15 சதவீதமும் வட்டி இருந்தது. வழக்கு எவ்வளவு பழையதோ, பாக்கியும் அவ்வளவு பெரிது.

ஆலையே மூடப்பட்டால் (ஸ்ரீபெரும்புதூர் நோக்கியா ஆலை 2014 நவம்பரில் மூடப்பட்டதுபோல்) வேலையில் திரும்பச் சேர்க்கும் உத்தரவால் பயனில்லை. ஆனாலும் நீக்கம் தவறென்றால், மூடிய நாள்வரையிலான சம்பள பாக்கியையும் மூடலுக்கான இழப்பீட்டையும் கேட்க இடமுண்டு. தொழிலாளி இறந்தாலும் தொழில் தகராறு முடிந்துவிடாது என்று 1947ஆம் ஆண்டுத் தொழில் தகராறுகள் சட்டத்தின் 10(8) பிரிவு சொன்னது. வாரிசுகள் அதைத் தொடர்ந்து நடத்தினர்.