கிர்மிட் பிறந்த கதை

பொங்கல் வாரத்தில் திருச்சி காந்தி மார்க்கெட் பக்கம் போனால் கரும்புக் கட்டுகளைச் சுவர்போல் சாத்தி வைத்திருப்பார்கள். ஸ்ரீரங்கத்துக்காரர்கள் தோகையோடு வாங்கிக்கொண்டு காவிரிப் பாலம் தாண்டுவார்கள். அந்தத் தோகை கையைக் கீறும். இரண்டு கரும்பைத் தூக்கி வந்த நமக்கே எரிகிறது. நாள் முழுக்க வெட்டுகிறவர் கை என்ன ஆகும்?

அப்படிப்பட்ட கைகள் ரேகை வைத்த காகிதத்தில் பிறந்த சொல்தான் கிர்மிட்.

அடிமை முறையை ஒழிக்க 1833-இல் பிரிட்டன் சட்டம் போட்டது. கரும்புத் தோட்ட முதலாளிகள் அடுத்து இந்தியாவில் ஆள் பிடித்தார்கள். மதராஸிலிருந்து கூலிகளோடு போன ட்ரூரோ கப்பல், 1860 நவம்பர் 16 அன்று தென்னாப்பிரிக்காவின் டர்பன் துறைமுகத்தை அடைந்தது. பின்னால் போன கப்பல்களில் திருச்சி, தஞ்சாவூர் ஜில்லாக்காரர்களும் ஏறினார்கள். ஐந்து வருட அக்ரிமென்ட். அந்த வார்த்தை ஏழைகளின் நாவில் தேய்ந்து கிர்மிட் ஆயிற்று.

வேலை பிடிக்காவிட்டால் மற்றவர்கள் விட்டுப் போகலாம். கிர்மிட் ஆள் போனால் அது குற்றம், சிறை. அந்தச் சொல்லின் விஷம் முழுக்க இதில்தான் இருந்தது.

1894-இல் டர்பனில் பாலசுந்தரம் என்ற தமிழர், கிழிந்த துணியோடு, தலைப்பாகையைக் கையில் பிடித்தபடி காந்தியின் அலுவலகத்துக்கு வந்தார். முதலாளி அடித்ததில் முன்பற்கள் இரண்டு உடைந்து வாயில் ரத்தம். அவர் பேசிய தமிழைக் காந்தியின் தமிழ் குமாஸ்தா எடுத்துச் சொன்னார். அத்தனை அடிபட்டும் அவரால் அந்த முதலாளியை விட்டுத் தானாக விலக முடியாது. காந்தி முயன்று கிர்மிட்டை வேறொருவர் பெயருக்கு மாற்றித்தான் மீட்டார்.

இதே கிர்மிட்டில் பிஜித் தீவுக்குப் போன பெண்களுக்காகப் பாரதி ‘கரும்புத் தோட்டத்திலே’ பாடினார். 1917-இல் ஆள் அனுப்புவது நின்றது. 1920 ஜனவரி 1 அன்று பிஜியில் மிச்சமிருந்த கிர்மிட்டுகளும் ரத்தாயின.

கிர்மிட் இல்லாத இன்று, கரும்பு வெட்டும் ஆட்களை மேஸ்திரி முன்பணம் கொடுத்துக் கூட்டி வருகிறார். முன்பணம் வாங்குவது குற்றமில்லை. அது தீரும்வரை போகக் கூடாது என்று ஆளை நிறுத்தி வைப்பது குற்றம். 1976-ஆம் ஆண்டின் கொத்தடிமை ஒழிப்புச் சட்டப்படி அந்தக் கடனே செல்லாது. எந்தக் கொல்லையிலாவது அப்படிப் பார்த்தால் கலெக்டர் அலுவலகத்திலோ வருவாய்க் கோட்டாட்சியரிடமோ சொல்லுங்கள்.