நிலம்பூர்த் தேக்கு

பம்பாயில் கப்பல் கட்ட மலபார்த் தேக்கு வேண்டியிருந்தது. கம்பெனியார் வெட்டினார்கள், வெட்டினார்கள், அப்படி வெட்டினார்கள்! மலைச் சரிவில் விழுந்த மரம் சாலியாற்றில் மிதந்து கடற்கரை சேர்ந்தது. காட்டில் தேக்கு அருகிப்போயிற்று. மலபார்க் கலெக்டர் கனோலி துரைக்கு 1840-க்குப் பிறகு ஒரு யோசனை தோன்றிற்று: தேக்கை நாமே பயிரிட்டால் என்ன?

சொல்வது சுலபம். தேக்கு விதையின் ஓடு லேசில் விடாது. எத்தனையோ விதம் பார்த்தும் முளைக்கவில்லை. கடைசியில் நீரில் ஊறவைத்து நட்டபோது, 1844-ல் கன்று தலைகாட்டியது. அதன்பின் 1862 வரை, நிலம்பூரில் சாத்து மேனன் என்ற உத்தியோகஸ்தர் நட்டுக்கொண்டேயிருந்தார். பத்து லட்சத்துக்கு மேல் என்கிறார்கள்! முற்றிய மரத்தைத் தாம் பார்க்கப் போவதில்லை என்பது அவருக்குத் தெரியாதா?

ஒன்றையும் மறைக்கக் கூடாது. பழைய காட்டைத் திருத்தித்தான் கன்று வைத்தார்கள். மூங்கிலும் நூறு வகை மரமும் இருந்த இடத்தில் தேக்கு மட்டும் வரிசை பிடித்து நின்றால், அது தோட்டம், காடு அல்ல.

1855-ல் கள்ளிக்கோட்டையில் கனோலி கொலையுண்டார். தோட்டத்துக்கு அவர் பெயர்தான். மேனன் பெயரை வைத்திருக்கலாம் என்பது என் கட்சி. 1846-ல் நட்ட மரங்களில் சில ஆற்றோரத்தில் இன்னும் நிற்கின்றன.