வானவில்லும் ஒரு மாணவரின் கேள்வியும்

சென்ற மழைக்காலத்தில் வானவில்லைக் கண்ட ஒரு மாணவர், "உஸ்தாத், மேலே மங்கலாக இன்னொரு வில் தெரிகிறதே, ஏன்?" என்று கேட்டார். "அல்லாஹ்வின் அத்தாட்சி, கிதாபைப் பாருங்கள்" என்று சொல்லி அமர்த்திவிட்டேன். சொன்னது உண்மைதான். ஆனால் அந்த உண்மையைக் கொண்டு ஒரு கேள்வியின் வாயை அடைத்துவிட்டேனே என்ற உறுத்தல் பின்னர் என்னை விடவில்லை. நம் முன்னோர் அவ்வாறு செய்யவில்லை.

கி.பி. 965 வாக்கில் பஸராவில் பிறந்தவர் இப்னுல் ஹைஸம் (ரஹ்). கண்ணிலிருந்து கதிர் புறப்பட்டுப் பொருளைத் தொடுவதே பார்வை என்று யூக்ளிடும் தாலமியும் எழுதியிருந்தனர். அவர்களை மதித்தே, அவர் வினவினார்: அப்படியாயின் சூரியனை உற்று நோக்கும் கண் ஏன் வலிக்கிறது? ஒளி வெளியிலிருந்து வந்து கண்ணில் படுவதாலன்றோ?

அவர் ஆய்ந்தும் பார்த்தார். இருட்டறையின் சிறு துளைக்கு வெளியே பல விளக்குகளை வைத்தார். உள்ளே சுவரில் ஒவ்வொரு விளக்கின் ஒளியும் தனித்தனி இடத்தில் விழுந்தது. ஒரு விளக்கை மறைத்தால் அதற்குரிய ஒளி மட்டுமே மறைந்தது. ஒளி நேர்கோட்டில் செல்கிறது, ஒன்றோடொன்று கலந்துவிடுவதில்லை என்று இதனால் தெளிந்தார். ஏழு பாகங்கள் கொண்ட அவரது 'கிதாபுல் மனாழிர்' லத்தீனுக்குப் பெயர்க்கப்பட்டு, 1572இல் பாஸல் நகரில் அச்சேறியது.

ஆயினும் வானவில் குறித்த அவரது விளக்கம் நிறைவு பெறவில்லை. ஏறத்தாழ மூன்று நூற்றாண்டுகளுக்குப் பின் குத்புத்தீன் ஷீராஸீ (ரஹ்) தம் மாணவர் கமாலுத்தீன் ஃபாரிஸீயிடம் அந்நூலைப் படிக்கும்படி கூறினார். மாணவரோ படித்ததோடு நிற்கவில்லை. நீர் நிறைந்த கண்ணாடிக் கோளத்தை ஒரு மழைத்துளியாகக் கொண்டு, அதனுள் ஒளியைச் செலுத்தி ஆராய்ந்தார். ஒளி துளிக்குள் நுழையும்போது வளைகிறது. உட்புறம் ஒருமுறை எதிரொளித்து, வெளியேறும்போது மீண்டும் வளைகிறது. இதுவே முதல் வில். உள்ளே இருமுறை எதிரொளித்தால் இரண்டாம் வில். இவற்றைத் தம் 'தன்கீஹுல் மனாழிர்' என்னும் விரிவுரையில் எழுதினார்.

விரிவுரை எழுதிக்கொண்டே மூலநூலாசிரியரின் குறையை நிறைவு செய்தாரே, அந்த அதபைத்தான் நாம் இழந்துவிட்டோம். மேடைதோறும் அவர்களின் பெயரைச் சொல்லிப் பெருமை கொள்கிறோம். அவர்களைப் போல் வினவும் பிள்ளையை அமர்த்திவிடுகிறோம்.

இன்ஷா அல்லாஹ், அடுத்த வகுப்பிற்கு ஓர் உருண்டைக் கண்ணாடிக் குடுவையை நீர் நிரப்பி எடுத்துச் செல்வேன். முதலில் அம்மாணவரின் கையில்தான் கொடுப்பேன்.