விழுந்தவர் எழுந்து வரும் போர்

வரலாற்று வகுப்பில் ஆண்டுகளை உருப்போட்டு, பரீட்சை முடிந்ததும் மறந்தவர்கள்தானே நாம்? அமெரிக்காவில் சிலர் வரலாற்றை உடம்பாலேயே படிக்கிறார்கள்.

1863 ஜூலை 1 முதல் 3 வரை கெட்டிஸ்பர்க்கில் வடக்கும் தெற்கும் மோதின. மாண்டவர், காயம்பட்டவர், பிடிபட்டவர், காணாமற்போனவர் எல்லாம் சேர்த்துச் சுமார் 51,000 பேர். அந்தப் போரை நடித்துக் காட்டுவதற்கென்றே இன்று குழுக்கள் உண்டு. ஜூலை வெயிலில் கம்பளிச் சட்டை, கல்லு மாதிரி ரொட்டி, கித்தான் கூடாரம், குண்டில்லாத வெறும் வெடிமருந்து. "இதென்னப்பா பைத்தியக்காரத்தனம்!"னு தோணும். ஆனால் துப்பாக்கியைச் சுமந்து நடந்தவனுக்குத்தான் சிப்பாயின் தாகம் புரியும். சிலருக்கு அது முன்னோர் நினைவு, சிலருக்குத் தோழமை.

ஒன்று மட்டும் வேஷத்தில் வராது. இங்கே விழுந்தவன் சாயங்காலம் எழுந்து காபி குடிக்கிறான். அன்று மாண்டவன் எழவில்லை. எதற்காக மாண்டான்?

1913-இல் அதே களத்தில் இருதரப்புக் கிழவர்களும் 50,000-க்கு மேல் கூடினார்கள்; பழைய கற்சுவரின் குறுக்கே கைகுலுக்கினார்கள். கண்கலங்க வைக்கும் காட்சிதான். ஆனால் போருக்கு மூலகாரணமான அடிமைமுறையை, அதில் சிக்கிய ஏறத்தாழ 40 லட்சம் கறுப்பின மக்களை, மேடைகள் மறந்தன.

மாணவத் தம்பிகளே, வேஷம் 'எப்படி' என்று காட்டும். 'எதற்கு' என்று நாமேதான் கேட்கணும்.