சேர்மமா, கலவையா? புரூஸ்ட் – பெர்தோலே விவாதம்

ஒரு பொருள் சேர்மமா, கலவையா என்ற கேள்விக்குப் பள்ளி மாணவர்கள் இன்று ஒரு வரியில் விடை எழுதிவிடுகிறார்கள். 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இதே கேள்வி பிரான்சைச் சேர்ந்த இரு வேதியியலாளர்களுக்கு இடையே பல ஆண்டுகள் விவாதமாக நீடித்தது.

பின்னணி

1789இல் அந்துவான் லவாய்சியர் 33 தனிமங்களின் பட்டியலை வெளியிட்டார். மேலும் பிரிக்க இயலாத பொருளே தனிமம் என்பது அவருடைய வரையறை. சுண்ணாம்பும் அப்பட்டியலில் இருந்தது. 1808இல் ஹம்ப்ரி டேவி மின்னாற்பகுப்பின் துணையால் சுண்ணாம்பிலிருந்து கால்சியத்தைப் பிரித்ததும் அது தனிமம் அல்ல என்பது உறுதியாயிற்று. ஆனால் இச்சோதனை சேர்மத்தையும் கலவையையும் வேறுபடுத்தப் பயன்படாது. இரண்டையுமே பிரிக்க முடியும் அல்லவா?

விவாதம்

ஸ்பெயினில் பணியாற்றிய ஜோசப் லூயி புரூஸ்ட், 1799இல் தாமிரக் கார்பனேட்டை ஆராய்ந்தார். இயற்கையில் கிடைத்ததிலும் ஆய்வகத்தில் தயாரித்ததிலும் தனிமங்கள் ஒரே நிறை விகிதத்தில் இருந்தன. சேர்மத்தின் விகிதம் எங்கும் மாறாது என்று அவர் முடிவு செய்தார். இதுவே மாறா விகித விதி.

குளோட் லூயி பெர்தோலே இதை ஏற்கவில்லை. வினைபுரியும் பொருள்களின் அளவுக்கேற்ப விளைபொருளின் இயைபும் மாறலாம் என்று 1803இல் வெளியிட்ட நூலில் வாதிட்டார். உலோகக் கலவை, கண்ணாடி, கரைசல் ஆகியவற்றைச் சான்றாகக் காட்டினார்.

அவை சேர்மங்களே அல்ல, கலவைகள் என்று புரூஸ்ட் மறுத்தார். வெள்ளீயம் இரண்டு ஆக்சைடுகளைத் தருகிறது. அவை கலந்திருந்தால் விகிதம் மாறுவதுபோல் தோன்றும். தனித்தனியே பார்த்தால் ஒவ்வொன்றின் விகிதமும் மாறாதது. இதன் காரணத்தை 1808இல் ஜான் டால்டனின் அணுக்கொள்கை விளக்கியது.

அன்றாடப் பொருள்கள்

நீர் எங்கிருந்து வந்தாலும், தூய்மையாக்கியபின் அதில் ஐதரசனும் ஆக்சிசனும் 1:8 என்ற நிறை விகிதத்திலேயே இருக்கும். தூய சோடியம் குளோரைடில் சோடியம் 39.3 விழுக்காடு, குளோரின் 60.7 விழுக்காடு. இவை சேர்மங்கள். பித்தளையில் தாமிரம், துத்தநாகத்தின் அளவைத் தேவைக்கேற்பக் கூட்டிக் குறைக்கலாம். காற்றின் ஈரப்பதம் நாளுக்கு நாள் மாறும். இவை கலவைகள்.

பார்ப்பதற்கு ஒரே சீராக இருந்தால் சேர்மம் என்று மாணவர்கள் பலர் எழுதுவதுண்டு. பித்தளையும் உப்புக் கரைசலும் சீராகத்தான் தெரிகின்றன, ஆயினும் அவை கலவைகளே. கண்ணால் பார்த்து முடிவு செய்யாமல் விகிதத்தைப் பார்க்க வேண்டும்.

பின்னாளில்

பெர்தோலே சொன்னது முற்றிலும் தவறன்று. சில இரும்பு ஆக்சைடுகளிலும் சல்பைடுகளிலும் விகிதம் சிறிதளவு மாறுவது பின்னர் கண்டறியப்பட்டது. அத்தகைய சேர்மங்கள் அவர் பெயரால் 'பெர்தொல்லைடுகள்' எனப்படுகின்றன.