அசையாத கேமராவும் மாறும் நிலமும்: ஜேம்ஸ் பென்னிங்கின் ஆவணப்படங்கள்

அமெரிக்காவின் மிச்சிகன் ஏரிக்கரையில் உள்ள மில்வாக்கி, இயந்திரத் தொழிலுக்கும் பீர் ஆலைகளுக்கும் பெயர்பெற்றிருந்த நகரம். அங்கு 1942-இல் உழைப்பாளர் குடும்பம் ஒன்றில் பிறந்தவர் ஜேம்ஸ் பென்னிங். கல்லூரியில் அவர் முதலில் பயின்றது கணிதம். திரைப்படக் கல்வி பின்னரே வந்தது. அவருடைய படங்களில் எண்ணுக்கு இத்தனை அதிகாரம் இருப்பதற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

1977-இல் அவர் எடுத்த 'ஒன் வே பூகி வூகி' 60 காட்சிகளால் ஆனது. ஒவ்வொன்றும் ஒரு நிமிடம், கேமரா அசைவதேயில்லை. மில்வாக்கியின் தொழிற்பேட்டைப் பள்ளத்தாக்கே களம். ஆலைச் சுவர்களும் புகைபோக்கிகளும் வெறிச்சோடிய தெருக்களும் வந்து போகின்றன. ஓவியர் மோந்திரியானின் புகழ்பெற்ற ஓவியம் ஒன்றைத் தலைப்பு நினைவூட்டுகிறது. அன்று அது பெரிதும் வடிவ விளையாட்டாகவே தோன்றியிருக்கக்கூடும். 27 ஆண்டுகள் கழித்து, அவர் அதே இடங்களுக்குத் திரும்பி, அதே 60 காட்சிகளையும் மீண்டும் எடுத்தார். முதற்படத்தில் தோன்றியவர்கள் முதுமையுடன் வந்து நின்றார்கள். சில கட்டடங்கள் இருந்த இடத்தில் வெற்று மனையே எஞ்சியிருந்தது. ஆனால் ஒலியை மட்டும் அவர் மாற்றவில்லை. 1977-இன் ஒலித்தடமே புதிய காட்சிகளின் மேல் ஓடுகிறது. ஆலை போய்விட்டது, இரைச்சல் போகவில்லை. பேரேரிப் பகுதி நகரங்கள் தம் தொழில்களை இழந்த வரலாற்றை, வருணனையாளரின் ஒரு சொல்லும் இன்றி இவ்வளவு கூர்மையாகச் சொன்ன படங்கள் மிகச் சிலவே.

கலிபோர்னியாவைப் பற்றிய மூன்று படங்களில் (1999–2001) இம்முறை இன்னும் இறுகுகிறது. படத்திற்கு 35 காட்சிகள். காட்சிக்கு இரண்டரை நிமிடம். இக்கணக்கு வானத்திலிருந்து குதித்ததன்று. 100 அடி கொண்ட 16 மி.மீ. படச்சுருள் ஏறத்தாழ அவ்வளவு நேரமே ஓடும். 2004-இல் எடுத்த '13 லேக்ஸ்' படத்தில் ஓர் ஏரிக்குப் பத்து நிமிடம் என்பதும் 400 அடிச் சுருளின் அளவையே ஒட்டியது. எவ்வளவு நேரம் பார்ப்பது என்பதைக் கலைஞரின் மனநிலையிடம் விடாமல் கருவியிடமே ஒப்படைத்துவிடுகிற துறவு இது.

மூன்றனுள் முதலாவதான 'எல் வேலி சென்ட்ரோ' நடுப் பள்ளத்தாக்கின் வயல்களையும் நீர்நிலைகளையும் காட்டுகிறது. ஒவ்வொரு காட்சியும் எந்த இடம், யாருக்கு உடைமை என்ற பட்டியல் படம் முடிந்த பின்னரே வருகிறது. ஒன்றரை மணி நேரம் இயற்கை என்று எண்ணிப் பார்த்தவற்றில் பெரும்பகுதி நிறுவனங்களின் சொத்து என்பது அப்போதுதான் புலப்படுகிறது. முழக்கம் எழுப்பும் அரசியல் படங்கள் பல செய்யத் தவறியதை அந்தப் பட்டியல் செய்துவிடுகிறது.

எனினும் இப்பொறுமையை வெறும் பதிவு என்று கொள்வது தவறு. 'காஸ்டிங் எ கிளான்ஸ்' (2007) அதற்குச் சான்று. சிற்பி ராபர்ட் ஸ்மித்சன் 1970-இல் யூட்டா மாநிலத்தின் பெரும் உப்பேரியில் கருங்கற்களாலும் மண்ணாலும் 1,500 அடி நீளச் சுருள்வடிவக் கரை ஒன்றை அமைத்தார். 1973-இல் விமான விபத்தில் அவர் இறந்தார். ஏரி மட்டம் உயர்ந்து கரை நீரில் மூழ்கி, நெடுங்காலம் கழித்தே வெளிப்பட்டது. பென்னிங் 2005-க்கும் 2007-க்கும் இடையில் 16 முறை அங்குச் சென்று படமெடுத்தார். படத்தில் தோன்றும் தேதிகளோ 1970-இல் தொடங்குகின்றன. அந்தந்தக் காலத்து நீர்மட்டத்திற்கு ஒப்பான காட்சிகளைப் பொருத்தி, தாம் படமெடுக்காத 35 ஆண்டுகளை அவர் உருவாக்கிக்கொண்டார். இதைப் பொய் என்று தள்ள இயலாது. ஆவணம் என்று ஏற்பதும் எளிதன்று. நினைவும் இப்படித்தானே, இன்றைய பொருள்களைக் கொண்டு நேற்றைக் கட்டுகிறது!

இவை சலிப்பூட்டுபவை என்ற குறை நெடுநாளாக உண்டு. முற்றிலும் மறுப்பதற்கில்லை. ஆனால் பார்ப்பதும் பயிற்சியால் வருவது என்பது அவர் கொள்கை. 1987 முதல் கலிபோர்னியக் கலைக் கல்லூரியில் ஆசிரியராக இருந்த காலத்தில், மாணவர்களை வெளியிடங்களுக்கு அழைத்துச் சென்று பார்ப்பதையும் கேட்பதையும் மட்டுமே பாடமாக வைத்தவர் அவர்.

'ஆர்ஆர்' (2007) படத்தில் 43 இரயில்கள் கடந்து செல்கின்றன. இரயில் நுழையத் தொடங்கும் காட்சி அது மறைந்ததும் முடிகிறது. அதன்பின் படச்சுருளைக் கைவிட்டு எண்முறைக் கேமராவுக்கு மாறினார். சுருளின் எல்லை நீங்கியதும் அவர் ஜெர்மனியின் தொழிற்பகுதிக்குச் சென்றது கருதத்தக்கது. அங்கு எடுத்த 'ரூர்' (2009) படத்தின் பிற்பாதி முழுவதும் ஒரே காட்சி. டூயிஸ்பர்க் நகரின் கல்கரி ஆலைக் கோபுரம் ஒன்று ஒரு மணி நேரம் திரையில் நிற்கிறது. இடையிடையே வெண்ணிற நீராவி பொங்கி அதை மூடி விலகுகிறது. மெல்ல வெளிச்சம் குறைந்துகொண்டே வருகிறது.